இரண்டு பேருக்கு ஒரு குரல்

கார்மோடியும் ஸ்டெல்லும் ஒரே படத்தில் நடிக்கிறார்கள் என்ற செய்தியை எக்கார்ட் பல் மருத்துவரின் காத்திருப்பு அறையில், பக்கங்கள் சுருண்டுபோன ஒரு வார இதழில் படித்தார். கார்மோடி அப்பா, ஸ்டெல் மகன். படித்தவுடன் மகிழ்ச்சியாகத்தான் இருந்தது. இதழை மூடி மேசையில் வைத்த பிறகுதான் கணக்கு உதைத்தது. கார்மோடி ஜெர்மானிய மொழியில் பேசும்போது கேட்பது எக்கார்டின் குரல், முப்பது வருடங்களாக. ஸ்டெல் பேசும்போது கேட்பதும் அவர் குரல்தான், பதினைந்து வருடங்களாக.

"திரு லிண்ட்ஹோர்ஸ்ட்" என்று உதவியாளர் கூப்பிட்டாள்.

"இதோ வரேன்" என்றார் எக்கார்ட்.

மூலையில் உட்கார்ந்திருந்த ஒரு பெண் சட்டென்று நிமிர்ந்தாள். குரல் வந்த திசையில் பார்த்தாள். அங்கே அறுபத்து மூன்று வயதான, காது பெரிய, சாம்பல் நிற ஸ்வெட்டர் போட்ட ஒருவர் எழுந்துகொண்டிருந்தார். அவள் மறுபடி கைபேசிக்குக் குனிந்துவிட்டாள். எக்கார்டுக்கு இது பழக்கம்.

அவர் முகத்தையும் ஒரு காலத்தில் ஜனங்களுக்குத் தெரிந்திருந்தது. துறைமுகக் காவல்துறை பற்றிய ஒரு மாலைநேரத் தொடரில் பதினோரு வருடம் நடித்தார். இரண்டாவது போலீஸ்காரர் வேஷம். அந்தப் பதினோரு வருடத்தில் ஒரு கொலையைக்கூட அவர் கண்டுபிடிக்கவில்லை. வண்டி ஓட்டினார். கதாநாயகன் யோசிக்கும்போது சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். தொடர் நின்றதும் ஒரு மூன்று வருடம் ரயிலில் யாராவது "வண்டிய எங்க நிறுத்திட்டு வந்தீங்க?" என்று கேட்பார்கள். பிறகு அதுவும் நின்றுபோனது.

கிழக்கு ஜெர்மனியின் விட்டன்பெர்கெயில் பிறந்தவர். அப்பாவுக்குத் தையல் இயந்திரத் தொழிற்சாலையில் வேலை. கிழக்கு பெர்லினில் நடிப்புப் படித்துவிட்டு வடக்கே ஒரு சிறு நகரத்து நாடக அரங்கில் ஆறு வருடம் இருந்தார். பெர்லின் சுவர் விழுந்த மறுவருடம் அந்த அரங்கில் பாதிப் பேரை வீட்டுக்கு அனுப்பினார்கள். அதில் அவரும் ஒருவர். பெர்லினில் டப்பிங்குக்கு ஆள் தேவைப்பட்டது. கூட்டத்தில் கத்துபவர், பெட்ரோல் போடுபவர், இரண்டாவது மருத்துவர் என்று தொடங்கினார். முப்பத்து மூன்றாவது வயதில் கார்மோடி கிடைத்தார்.

கிடைத்தார் என்றுதான் அந்தத் தொழிலில் சொல்வார்கள். ஒரு வெளிநாட்டு நடிகருக்கு ஒரு குரல் ஒட்டிக்கொண்டால் அது இருவரில் ஒருவர் போகும்வரை அப்படியேதான் இருக்கும். மாற்றினால் ஜனங்கள் சும்மா விடமாட்டார்கள். எக்கார்டின் மகள் நான்கு வயதில் தொலைக்காட்சியில் கார்மோடி ஒருவனைச் சுடுவதைப் பார்த்துவிட்டு இரண்டு நாள் அவர் மடியில் உட்காரவில்லை. மனைவி கெசீனெ பின்னாளில் பிரிந்து போனபோது, "உன் குரலைக் கேக்கணும்னா நான் சினிமாவுக்குப் போய்க்கிறேன், அங்கதான் நீ பேசறே" என்று சொல்லிவிட்டுப் போனாள். அது நியாயம்தான் என்று எக்கார்ட் நினைத்தார்.

கார்மோடியை அவர் நேரில் பார்த்ததில்லை.

செய்தியைப் படித்து எட்டு மாதம் கழித்து, பிப்ரவரியில், மார்லிஸ் அவரை வரச் சொன்னாள். பெர்லினின் யோகானிஸ்தால் பகுதியில் ஒரு பழைய பட்டறைக் கட்டடத்தில் அந்த ஒலிப்பதிவுக் கூடம். மார்லிஸ் அங்கே டப்பிங் இயக்குநர். ஐம்பத்தைந்து வயது. கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிவிட்டு அதையே தேடுகிறவள். கேன்டீனில் உட்கார்ந்திருந்தாள். அவள் முன்னால் இரண்டு தட்டு.

"உக்காரு. கசகசா கேக் இன்னிக்கு நல்லாருக்கு. உனக்கும் சேத்துதான் வாங்கினேன்."

"நீ கேக் வாங்கித் தர்றேன்னா கெட்ட சேதின்னு அர்த்தம்."

"நல்ல சேதிதான்யா. ஸ்டெல் உனக்கு. முந்நூத்தி எண்பது டேக். ஆறு நாள் வேலை."

"கார்மோடி?"

"நாப்பத்தி ஒண்ணு."

"நான் எண்ணிக்கையைக் கேக்கல, மார்லிஸ்."

அவள் கேக்கை முள்கரண்டியால் இரண்டாக வெட்டினாள். சாப்பிடவில்லை.

"சாகக் கிடக்கிற கிழவன் வேஷம். முக்கால்வாசி படுக்கையிலதான். மகன் வரான், சண்டை போடறான், கிழவன் போயிடறான். அவ்வளவுதான் கதை."

"இதோட நடிப்பை விடறாராமே."

"படிச்சேன். அதனாலதான் உன்னைக் கூப்பிட்டேன். இல்லாட்டி ஃபோன்லயே ஸ்டெல்லுன்னு சொல்லி முடிச்சிருப்பேன்." மார்லிஸ் கண்ணாடியைத் தேடித் தலையிலிருந்து எடுத்தாள். "விநியோகக்காரங்க என்கிட்டயே விட்டுட்டாங்க. ரெண்டுல எதுன்னு நீ சொல்லு. ஆனா ஒண்ணு யோசிச்சுக்கோ. ஸ்டெல்லுக்கு அம்பத்திரண்டு வயசு. இன்னும் இருபது வருஷம் ஓடுவான். இந்தப் படத்துல வேற ஆளு பேசி, அது ஜனங்களுக்குப் பிடிச்சிருச்சுன்னா உனக்கு அவன் திரும்பி வரமாட்டான்."

"கார்மோடி எப்படியும் போகப்போறவருதானே, விட்டுடுன்னு சொல்றே."

"அப்படிச் சொல்லல. அப்படி ஒரு கணக்கு இருக்குன்னு சொல்றேன்."

எக்கார்டுக்கு வேண்டியது ஒன்றுதான். கார்மோடி கடைசியாகப் பேசும் வார்த்தைகளை வேறு ஒருவன் பேசக் கூடாது. முப்பது வருடத்தில் அந்த ஆள் நாற்பத்தேழு படத்தில் நடித்தார். நாற்பத்தேழிலும் எங்கே தயங்குவார், எங்கே பல்லுக்கு நடுவில் பேசுவார், எங்கே பொய் சொல்வார் என்று எக்கார்டுக்குத் தெரியும். தன் சொந்த அப்பாவைப் பற்றி அவ்வளவு தெரியாது. ஆனால் அறுபத்து மூன்று வயதில் இனிப் புதிதாக ஒரு ஸ்டெல் கிடைக்க மாட்டான் என்பதும் தெரியும்.

"ரெண்டையும் நானே பண்ணா?" என்றார்.

மார்லிஸ் சிரித்துவிட்டாள். "அப்பனும் நீ, மகனும் நீயா?"

"ஸ்டெல்லுக்கு நான் பேசறதே வேற குரல். முன்னால, பல்லுகிட்ட வச்சுப் பேசறேன். கார்மோடி நெஞ்சுல இருந்து. எல்லாருக்கும் தெரியும்."

"எல்லாருக்குமா?"

"சோதிச்சுப் பாரேன்."

"செவ்வாக்கிழமை காலைல வா. ஒரு காட்சிய எடுத்துப் பாப்போம். அப்புறம் கேக்க மாட்டேன், வியாழனுக்குள்ள முடிவு சொல்லிடணும்." மார்லிஸ் எழுந்தாள். "இதையும் நீயே சாப்பிடு. எனக்கு சர்க்கரை."

செவ்வாய்க்கிழமை எக்கார்ட் ஒன்பதரைக்கே வந்துவிட்டார். ஒலிப்பதிவாளன் தாரெக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டிருந்தான். பெர்லினிலேயே பிறந்து வளர்ந்தவன். எக்கார்டைத் தலைவரே என்றுதான் கூப்பிடுவான். எக்கார்டின் குரலில் வரும் கார்மோடி வசனங்களை அவனும் அவன் அண்ணனும் சின்ன வயதில் மனப்பாடமாகச் சொல்லிக்கொண்டு திரிந்தவர்கள்.

"தலைவரே, இன்னிக்கு டபுள் ஆக்‌ஷனா?"

"விதையைக் கீழ வைடா. மைக்குல நொறுக் நொறுக்குன்னு கேக்குது."

"கண்ணாடி நடுவுல இருக்கு தலைவரே, கேக்காது. உங்களுக்குப் பயம்."

படத்தைச் சிறு சிறு துண்டுகளாக வெட்டி எண் போட்டிருந்தார்கள். டேக் என்று சொல்லும் அந்தத் துண்டு ஒவ்வொன்றும் சில நொடிகள்தான். சண்டைக் காட்சி பதினோரு துண்டு. மருத்துவமனை அறை. அப்பா படகை விற்றுவிடச் சொல்கிறார், மகன் மாட்டேன் என்கிறான். படகைப் பற்றிய சண்டை இல்லை அது என்பது இரண்டாவது துண்டிலேயே தெரிந்துவிடும்.

எக்கார்ட் முதலில் அப்பாவைப் பேசினார். குதிகாலில் உடம்பை இறக்கி, தோளைத் தளர்த்திக்கொண்டு. ஹெட்போனில் கார்மோடியின் அசல் குரல், திரையில் கார்மோடியின் வாய், முன்னால் தாளில் வசனம். மூன்றையும் ஒரே சமயத்தில் பிடிக்க வேண்டும். அவருக்கு அது மூச்சு விடுவதுபோல. முக்கால் மணி நேரத்தில் முடிந்தது. தண்ணீர் குடித்துவிட்டு மகனைப் பேசினார். இப்போது முன்பாதத்தில் நின்று, தாடையை நீட்டிக்கொண்டு. அதுவும் சுலபமாக வந்தது. முடித்துவிட்டு உள்ளே போய் மார்லிஸ் பக்கத்தில் உட்கார்ந்தபோது அவருக்குத் தன்மேல் திருப்தி இருந்தது.

தாரெக் இரண்டையும் சேர்த்து ஓட்டினான்.

முதல் மூன்று துண்டு ஓடின. நான்காவதில் மார்லிஸ் கண்ணை மூடிக்கொண்டாள். எக்கார்டும் மூடினார். திரை இல்லாமல் கேட்டபோது அந்த அறையில் இரண்டு பேர் இல்லை. ஓர் ஆள் தன்னோடு தானே சண்டை போட்டுக்கொண்டிருந்தான். ஒரு சமயம் கொஞ்சம் மெதுவாக, ஒரு சமயம் கொஞ்சம் வேகமாக. படகை விற்றுவிடு என்று தனக்கே சொல்லி, மாட்டேன் என்று தனக்கே பதில் சொன்னான்.

"தப்பா எடுத்துக்காதீங்க தலைவரே" என்றான் தாரெக். "பஸ் ஸ்டாப்புல ஒருத்தர் தனியா பேசிட்டிருப்பாரு பாருங்க, அந்த மாதிரி இருக்கு."

"இன்னொரு தடவ போடு" என்றார் எக்கார்ட்.

தாரெக் போட்டான். இந்த முறை எக்கார்ட் குறிப்பாக ஒன்றைத் தேடினார்: கார்மோடியின் குரல் ஸ்டெல்லுக்குள் எங்கே வந்து கலக்கிறது என்று. அப்படி எங்கேயும் வரவில்லை. ஸ்டெல் கார்மோடி மாதிரி பேசவில்லை. இருவரும் எக்கார்ட் மாதிரிதான் பேசினார்கள். பல்லுகிட்ட, நெஞ்சில் என்பதெல்லாம் அவர் உடம்புக்குள் நடந்த விஷயம். வெளியே வந்தது ஒன்றுதான். பதினைந்து வருடமாக இருவர் படங்களும் தனித்தனித் திரையில் ஓடியதால் யாரும் பக்கத்தில் வைத்துப் பார்க்கவில்லை.

"சரி" என்றார். "எனக்கு கார்மோடி வேணும். ஸ்டெல்லை வேற யாருக்காவது குடுத்துடு."

"வியாழன் வரைக்கும் நேரம் இருக்கு."

"தேவையில்ல. சொல்லிட்டேன்ல."

மார்லிஸ் தாரெக்கைப் பார்த்தாள். தாரெக் விதைப் பொட்டலத்தைப் பார்த்தான்.

"இன்னொண்ணு இருக்கு" என்றாள். "போன வாரம் எடுத்தது. நீ ஸ்டெல்லுதான் எடுப்பேன்னு நினைச்சு, கார்மோடிக்கு ஒருத்தரைக் கூப்பிட்டுப் பாத்தேன். கேக்கிறியா?"

"யாரு?"

"கேளு."

அதே காட்சி. அப்பாவின் முதல் வசனம் வந்தது. மூன்று அசை முடிவதற்குள் எக்கார்டுக்கு ஆள் தெரிந்துவிட்டது. லோத்தார் வென்ஸ்கே.

கார்மோடியின் முதல் மூன்று படத்துக்கு ஜெர்மானியக் குரல் வென்ஸ்கேதான். நான்காவது படம் வந்தபோது அவர் நாடகக் குழுவோடு இரண்டு மாதம் ஊர் ஊராகப் போயிருந்தார். படத்தால் காத்திருக்க முடியவில்லை. இந்த ஒரு தடவைக்கு மட்டும் என்று எக்கார்டைக் கூப்பிட்டார்கள். அந்தப் படம்தான் ஆறு மாதம் ஓடியது. வென்ஸ்கே திரும்பி வந்தபோது கார்மோடி என்றால் எக்கார்ட் என்று ஆகிவிட்டது. இதில் யார் மேலும் குற்றம் இல்லை. ஆனால் அந்தத் தொழிலில் ஒரு மரியாதை உண்டு. ஒருவர் குரல் கொடுத்துவந்த நடிகர் உன்னிடம் வந்துவிட்டால் நீ அந்தப் பழைய குரல்காரரைத் தொலைபேசியில் கூப்பிட்டு அதைச் சொல்ல வேண்டும். மன்னிப்புக் கேட்க வேண்டியதில்லை. சொன்னால் போதும். எக்கார்ட் சொல்லவில்லை. அதற்குப் பிறகு விழாக்களில் இருவரும் அறையின் எதிரெதிர் மூலைகளில் நின்றார்கள். வென்ஸ்கே ஆவணப்படங்கள், அருங்காட்சியகங்களில் காதில் மாட்டிக்கொள்ளும் விளக்கக் கருவி, இருமல் மருந்து விளம்பரம் என்று போய்விட்டார். இப்போது எழுபத்தொன்பது வயது.

துண்டுகள் ஓடின. வென்ஸ்கேயின் குரலில் ஈரம் வற்றிப் போயிருந்தது. இரண்டு வார்த்தைக்கு நடுவில் சின்ன இடைவெளி விழுந்தது. அடுத்த வார்த்தை வருமா என்று கேட்பவன் காத்திருக்க வேண்டியிருந்தது. எக்கார்ட் அசல் ஒலியையும் ஒருமுறை போடச் சொன்னார். கார்மோடிக்கு எழுபத்தாறு. அந்த இடைவெளி அங்கேயும் இருந்தது. காலையில் முக்கால் மணி நேரம் அதே குரலை ஹெட்போனில் கேட்டுக்கொண்டு அவர் பேசியிருந்தார். இடைவெளியைக் கேட்கவில்லை. கார்மோடியின் ஐம்பது வயதுக் குரலைத்தான் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார். அவர் பேசிய அப்பா, படுக்கையில் படுத்திருக்கும் ஆரோக்கியமான மனிதர்.

குறை ஏதாவது கிடைக்குமா என்று பார்த்தார்.

"ஏழாவதுல உதடு மூடறது லேட்டு" என்றார்.

"ரெண்டு ஃப்ரேம்" என்றான் தாரெக். "நகத்திட்டா சரியாயிடும்."

"ரெண்டு ஃப்ரேம்தான்" என்று எக்கார்டும் ஒத்துக்கொண்டார்.

 வெளியே யாரோ சைக்கிளைச் சுவரில் சாய்க்கும் சத்தம் கேட்டது.

"நீ வேணும்னு சொன்னா உனக்குத்தான்" என்றாள் மார்லிஸ். "முப்பது வருஷம். ஒருத்தரும் என்னைக் கேள்வி கேக்க மாட்டாங்க. நானும் கேக்க மாட்டேன்."

"அப்புறம் எதுக்கு இதைப் போட்டுக் காமிச்சே?"

"உனக்குக் காது இருக்கு. அதான்."

எக்கார்ட் நாற்காலி முதுகிலிருந்து மேல்கோட்டை எடுத்தார். ஒரு கையை நுழைத்துவிட்டு இன்னொரு கைக்கு வழி தேடிக்கொண்டிருந்தார்.

"அவரையே போடு" என்றார். "நான் ஸ்டெல் பண்றேன். எந்த நாளுன்னு எழுதி அனுப்பு."

மறுநாள் மதியம் அவர் உருளைக்கிழங்கு தோல் சீவிக்கொண்டிருந்தபோது தொலைபேசி அடித்தது.

"லிண்ட்ஹோர்ஸ்டா?"

"ஆமா."

"வென்ஸ்கே பேசறேன். கார்மோடி எனக்கு வந்திருக்கு. உன்கிட்ட சொல்லணும்ல, சொல்லிட்டேன்."

"சொன்னாங்க. நன்றி."

"அவங்க சொல்றது வேற. வழக்கம்னு ஒண்ணு இருக்கில்ல."

எக்கார்ட் கத்தியைக் கீழே வைத்தார். "கார்மோடி எனக்கு வந்தப்போ நான் உங்களை ரெண்டு தடவ கூப்பிட்டேன். மொத தடவ லைன் கிடைக்கல."

"ரெண்டாவது தடவ ஒரே ஒரு மணி அடிச்சு நின்னுச்சு. நான் பக்கத்துலதான் உக்காந்திருந்தேன். எவனோ பயந்தாங்கொள்ளின்னு நினைச்சேன்."

"நான்தான்."

"தெரியும்டா. என்ன சமைக்கிறே? தண்ணி கொதிக்கிற சத்தம் கேக்குது, போய் அணை" என்று சொல்லி வென்ஸ்கே வைத்துவிட்டார்.

மார்ச் இரண்டாம் வாரம் வேலை தொடங்கியது. இப்போதெல்லாம் ஒவ்வொருவரும் தனித்தனியாகத்தான் வந்து பேசிவிட்டுப் போகிறார்கள். காதலனும் காதலியும் படம் முடியும்வரை சந்திக்காமலே இருந்துவிடலாம். ஆனால் கடைசி மருத்துவமனைக் காட்சிக்கு மார்லிஸ் இரண்டு பேரையும் சேர்த்து வரச் சொல்லியிருந்தாள். முன்பெல்லாம் அப்படித்தான் செய்தார்கள் என்றாள். தாரெக் இரண்டாவது மைக்கைத் தேடி எடுத்து வைத்தான்.

வென்ஸ்கே கைத்தடியோடு வந்தார். குடுவையில் தொண்டைக்கு இதமான சேஜ் இலைத் தேநீர். எக்கார்டைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார்.

"கிழவனாயிட்டியே."

"உங்களைவிட இல்ல."

"அதனாலதானே எனக்கு வேலை கிடைச்சுது." தேநீரை ஒரு மிடறு குடித்தார். "டேய் தம்பி, கண்ணாடிக்குள்ள இருக்கிறவனே, எனக்கு ஒரு நாற்காலி. நின்னுகிட்டு சாக முடியாது என்னால."

கார்மோடியின் முகம் மட்டும்தான் திரையில். ஸ்டெல்லின் முதுகும் காதும் ஓரத்தில் தெரிந்தன. அப்பாவுக்கு மூன்று வாக்கியம். மகனுக்கு ஒன்று.

தொடங்கச் சொல்லும் மூன்று சிறு ஒலிகள் ஹெட்போனில் கேட்டன. வென்ஸ்கே பேசினார். எக்கார்ட் தன் வாக்கியத்தைப் பேசினார். முடிந்தது.

"தலைவரே" தாரெக்கின் குரல் ஹெட்போனில் வந்தது. "அப்பா பேசறதுக்கு முன்னாடி ரெண்டு மூச்சு விழுது."

"யாரோடது?" என்றாள் மார்லிஸ்.

"ஒண்ணு வென்ஸ்கே மைக்குல. இன்னொண்ணு தலைவரோடதுல. ரெண்டும் ஒரே இடத்துல, சொல்லி வச்ச மாதிரி."

மறுபடி எடுத்தார்கள். எக்கார்ட் கவனமாக இருந்தார். திரையில் கார்மோடியின் மார்பு உயர்ந்தது. உதடு பிரிவதற்குச் சற்று முன், தனக்கே தெரியாமல், எக்கார்ட் மூச்சை இழுத்திருந்தார்.

"திரும்பவும்" என்றான் தாரெக்.

வென்ஸ்கே நாற்காலியில் திரும்பினார். "ஏய், அது என் மூச்சு. உன்னோடதை நீ விடு."

"பழக்கதோஷம்."

"முப்பது வருஷம் இழுத்தது போதாதா உனக்கு?"

தாரெக் சிரித்தான். மார்லிஸ் மைக்கில், "எக்கார்ட், உன் பையன் முதுகுதானே தெரியுது. வாய் இல்ல. திரையப் பாக்கணும்னு அவசியமில்ல உனக்கு" என்றாள்.

எக்கார்ட் ஹெட்போனை ஒரு காதிலிருந்து விலக்கினார். திரைக்கு முதுகு காட்டித் திரும்பி வென்ஸ்கேயைப் பார்த்து நின்றார். அப்படி நின்று அவர் இதுவரை வேலை செய்ததில்லை. பார்க்க ஒரு வாய் இல்லாமல் கையை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

ஒலிகள் வந்தன. வென்ஸ்கேயின் கண் எக்கார்டின் தோளுக்கு மேலாகத் திரையில் இருந்தது. அவருடைய தோள்பட்டை மெல்ல ஏறியது. சட்டைப் பையில் பேனா ஒன்று அதோடு சேர்ந்து ஏறியது. பிறகு அவர் பேசினார். படகை அவனே வைத்துக்கொள்ளட்டும் என்றார். அதைச் சொல்ல நேரமாயிற்று. இரண்டாவது வாக்கியத்தில் ஓர் இடைவெளி விழுந்தது. அது முடிவதற்காக எக்கார்ட் காத்திருந்தார். அடுத்த வார்த்தை எது என்று அவருக்குத் தெரியும், தாளில் இருந்தது. ஆனாலும் காத்திருந்தார்.

"இங்கதான் இருக்கேம்ப்பா" என்று தன் வாக்கியத்தைச் சொன்னார்.

"சுத்தமா இருக்கு" என்றான் தாரெக்.

மார்லிஸ் முடிந்த துண்டின் எண்ணைத் தாளில் கோடு போட்டு அடித்தாள்.  வென்ஸ்கேக்கு அதோடு வேலை முடிந்தது. தேநீர்க் குடுவையை மூடி, கையெழுத்துப் போட்டுவிட்டு, மேல்கோட்டைப் போட்டுக்கொண்டார். கதவருகில் நின்று, "பஸ் எந்தப் பக்கம் வரும் இங்க?" என்று கேட்டார்.

"வலது பக்கம்" என்றார் எக்கார்ட். "அஞ்சு நிமிஷம் நடக்கணும்."

"அஞ்சு நிமிஷம் உனக்கு. எனக்குப் பத்து." கதவு சாத்திக்கொண்டது.

எக்கார்டுக்கு இன்னும் தொண்ணூறு டேக் பாக்கி இருந்தது. தாரெக் இரண்டாவது மைக்கை ஓரமாக நகர்த்தி வைத்தான். அடுத்த துண்டில் படுக்கை காலி. ஸ்டெல் ஜன்னலோரம் நின்று தாதியோடு பேசுகிறான், சாவி எங்கே என்று கேட்கிறான். எக்கார்ட் முன்பாதத்தில் நின்றுகொண்டார். பிறகு யோசித்துவிட்டு, பாதம் முழுவதையும் தரையில் ஊன்றினார்.

"ரெடியா தலைவரே?"

"ஓட்டு" என்றார்.